ராணுவப் பதவி உயர்வுக்கு மாடல் கட்டுவது எப்படி: முதலில் காலியிடத்தைப் பாருங்கள்

ராணுவத்தில் யார், எப்போது பதவி உயர்வார் என்று பழைய தரவைக் கொண்டு கணிக்கும் புள்ளியியல் மாடலைப் பற்றித்தான் பேசுகிறேன். பணியாளர் கோப்பு கைக்கு வந்ததும் பலரும் நேராக ரிக்ரெஷனுக்கு (காரணிகளுக்கும் முடிவுக்கும் உள்ள தொடர்பை எண்ணில் பிடிக்கும் முறை) போய்விடுகிறார்கள். நான் அதற்கு முன் ஒன்றைக் கேட்பேன்: இந்த ரேங்குக்குக் காலம் முடிந்தால் போகிறார்களா, காலியிடம் விழுந்தால் போகிறார்களா? இதற்குப் பதில் தெரியாமல் கட்டும் எந்த மாடலும் நிற்காது.

இந்திய ராணுவ அதிகாரிகளையே எடுத்துக்கொள்வோம். 2 ஆண்டில் கேப்டன், 6 ஆண்டில் மேஜர், 13 ஆண்டில் லெப்டினன்ட் கர்னல். தகுதித் தேர்வுகளை முடித்திருந்தால் காலம் வந்ததும் கிடைத்துவிடும். இங்கே நிகழ்தகவு மாடலுக்குப் பெரிய வேலை இல்லை, நாட்காட்டி போதும். கர்னலில்தான் தேர்வு வாரியம், அதாவது யாரை உயர்த்துவது என்று தேர்ந்தெடுக்கும் குழு, வருகிறது. அதில் தேர்வாகாதவரும் 26 ஆண்டு சேவை முடிந்ததும் கால அடிப்படையில் கர்னல் ஆகலாம். கோப்பில் இரு வகையினருக்கும் 'கர்னல்' என்று ஒரே குறியீடு இருந்தால், பிரித்த பிறகுதான் அடுத்த வேலை. பிரிக்காமல் போட்டால், 26-ஆம் ஆண்டில் திறமை திடீரெனப் பொங்கியதுபோல மாடல் சொல்லும்.

அடுத்து தேதிகள். உத்தரவு வந்த தேதி, பதவி ஏற்ற தேதி, பணிமூப்பு கணக்கிடப்படும் தேதி மூன்றும் வேறு வேறாக இருக்கலாம். வாரியம் பணிமூப்பைத்தான் பார்க்கிறது என்றால் நீங்களும் அதையே பிடித்துக்கொள்ளுங்கள். தற்காலிக ரேங்கைத் தனி நெடுவரிசையில் வையுங்கள். பிறகு ஒருவருக்கு ஒரு வரி என்றிருக்கும் கோப்பை, ஒருவருக்கு ஆண்டுக்கு ஒரு வரி என்று விரித்துவிடுங்கள். ஒவ்வொரு வரியிலும் ரேங்க், அந்த ரேங்கில் கழித்த ஆண்டுகள், மொத்தச் சேவை, பேட்ச் (ஒரே ஆண்டில் சேர்ந்தவர்கள்), அந்த ஆண்டின் முடிவு (உயர்ந்தார், வெளியேறினார், அப்படியே இருக்கிறார்) இருந்தால் போதும்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. ஸ்டாஃப் காலேஜ் (அதிகாரிகளுக்கான மேற்படிப்பு) முடித்தவர் அதிகம் உயர்கிறார் என்று தரவு காட்டும். ஆனால் அந்தப் படிப்புக்குப் போகும்வரை சேவையில் நீடித்தவர்தானே அதை முடித்திருக்க முடியும்? ஆகவே அந்தத் தகுதி, முடித்த ஆண்டிலிருந்து மட்டும் 'ஆம்' ஆகவேண்டும். முந்தைய வரிகளில் 'இல்லை' என்றே இருக்கட்டும்.

இப்போது மையமான கணக்கு. பதவி உயர்ந்தவர்களை மட்டும் எடுத்து 'சராசரியாக இத்தனை ஆண்டு' என்று சொல்லாதீர்கள். இன்னும் காத்திருப்பவரும், சலித்துப் போய் வெளியேறியவரும் அந்தச் சராசரியில் இல்லை. காப்லான்-மையர் முறை (ஒரு நிகழ்வு வரை எவ்வளவு காலம் ஆகும் என்று கணிக்கும் முறை) காத்திருப்பவரைச் சரியாகக் கையாளும், ஆனால் வெளியேறியவரையும் காத்திருப்பவராகவே எண்ணினால் சிக்கல். ஒரு சின்னக் கற்பனைக் கணக்கு: 100 பேர். 5-ஆம் ஆண்டில் 20 பேர் வெளியேறுகிறார்கள். மிச்சம் 80 பேரில் 6-ஆம் ஆண்டில் 40 பேர் உயர்கிறார்கள். காப்லான்-மையர் 50 சதவீதம் என்று சொல்லும். உண்மையில் உயர்ந்தவர்கள் 100-க்கு 40 பேர்தான். உயர்வும் வெளியேற்றமும் போட்டி நிகழ்வுகள், அதாவது ஒன்று நடந்தால் மற்றது நடக்காது என்று கொண்டு ஆலன்-ஜோஹன்சன் முறையில் போடுங்கள், 40 வரும். ஆர் (R) என்ற நிரல்மொழியில் 'சர்வைவல்' தொகுப்பும், பைத்தானில் 'லைஃப்லைன்ஸ்' தொகுப்பும் இதைச் செய்யும்.

வெளியேறுதல் சீராக நடப்பதில்லை என்பதையும் மறக்கக்கூடாது. ஓய்வூதியத் தகுதி வரும் ஆண்டில் அது எகிறும். இந்தியாவில் அதிகாரிக்கு 20 ஆண்டு, ஜவானுக்கு 15 ஆண்டு. 'நேற்றைய வரலாறு வேண்டாம், இன்றைய ரேங்க் போதும்' என்கிற சாதாரண மார்கோவ் சங்கிலி இதைப் பிடிக்காது. ரேங்கோடு சேவை ஆண்டையும் சேர்த்து ஒரு நிலையாக வைத்தால் பிடித்துவிடும். அப்புறம், விதியே மாறும் இடத்தில் பழைய நிகழ்தகவுகளைத் தூக்கி வைத்துவிட வேண்டியதுதான். 2022-இல் வந்த அக்னிபத் திட்டத்தில் சேவை 4 ஆண்டு, அதன்பின் அதிகபட்சம் 25 சதவீதம் பேர்தான் நிரந்தரப் பணிக்கு. முந்தைய ஜவான்களின் தரவைக் கொண்டு இவர்களைக் கணிக்க முடியாது.

தேர்வு ரேங்குகளுக்கு நான் நம்புவது தனிநபர் சிமுலேஷனைத்தான் (ஒவ்வோர் அதிகாரியையும் தனித்தனியாகக் கணினியில் ஆண்டு ஆண்டாக நகர்த்திப் பார்ப்பது). காரணம் எளிது: கர்னலாக வெளியிலிருந்து யாரையும் வேலைக்கு எடுப்பதில்லை, மேலே ஒருவர் நகர்ந்தால்தான் கீழே இடம். எனவே ஒவ்வோர் ஆண்டும் முதலில் வெளியேறுபவர்களைக் கழியுங்கள். பிறகு உச்சியிலிருந்து இடங்களை நிரப்பிக்கொண்டே கீழே வாருங்கள். ஒரு பிரிகேடியர் ஓய்வு பெற்றால் ஒரு கர்னல் ஏறுவார், அவர் இடத்துக்கு ஒரு லெப்டினன்ட் கர்னல். கீழிருந்து தொடங்கினால் இல்லாத இடத்துக்கு ஆளை ஏற்றிவிடுவீர்கள். யார் ஏறுவது என்பதை, ஒரே வாரியத்தின் முன் நின்றவர்களை ஒருவரோடு ஒருவர் ஒப்பிட்டுக் கணியுங்கள். வெவ்வேறு ஆண்டுகளின் பேட்சுகளைக் கலந்தால், இடம் தாராளமாக இருந்த ஆண்டின் அதிர்ஷ்டம் தனிநபர் திறமையாகத் தெரியும்.

சரிபார்ப்பதற்கு ஒரு பழைய கணக்கு உதவும். அமெரிக்காவில் 1980-இன் டோப்மா சட்டத்தை (அதிகாரிகளின் பதவி உயர்வு முறையை வகுக்கும் சட்டம்) ஒட்டி வகுத்த பதவி உயர்வு வாய்ப்பு இலக்குகள் மேஜருக்கு 80, லெப்டினன்ட் கர்னலுக்கு 70, கர்னலுக்கு 50 சதவீதம். பெருக்கினால் 28. அதாவது யாருமே தானாக வெளியேறாவிட்டாலும், மேஜர் வாரியத்தின் முன் நின்ற 100 கேப்டன்களில் 28 பேர்தான் கர்னல். உங்கள் மாடலில் வாரிய விகிதங்களைப் பெருக்கிப் பாருங்கள். சிமுலேஷன் அதைவிட அதிகம் பேரை உச்சிக்கு அனுப்பினால், காலியிடக் கணக்கு எங்கோ ஒழுகுகிறது.

கடைசி சில ஆண்டுத் தரவை ஒளித்துவைத்து, முந்தையதை மட்டும் கொண்டு அவற்றைக் கணித்துப் பாருங்கள். மொத்த எண்ணிக்கை பொருந்துவது எளிது, பேட்ச் வாரியாகப் பொருந்துகிறதா என்று பாருங்கள். அறிக்கையில் மேல் ரேங்குகளுக்கு ஒற்றை எண்ணைக் கொடுக்காதீர்கள். பத்துப் பன்னிரண்டு பேரே இருக்கும் ரேங்கில் இருவர் முன்கூட்டியே ஓய்வு பெற்றாலே கணிப்பு புரண்டுவிடும். சிமுலேஷனை ஆயிரம் முறை ஓட்டி, வரும் வீச்சையே எழுதுங்கள்.