மகப்பேறு உதவித்தொகை 14,000 ரூபாய்: நாள் தள்ளிப்போனதிலிருந்து செய்ய வேண்டியவை

தமிழ்நாடு அரசின் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவித் திட்டம் 1987இல் 300 ரூபாயோடு தொடங்கியது. இன்று அது 18,000 ரூபாய். இதில் 14,000 மூன்று தவணைகளில் பணமாக வங்கிக் கணக்குக்கு வரும். மீதி 4,000 ரூபாய்க்கு இரண்டு ஊட்டச்சத்துப் பெட்டகங்கள் தருவார்கள். 19 வயது நிறைந்திருக்க வேண்டும், வறுமைக்கோட்டுக்குக் கீழ் உள்ள குடும்பமாக இருக்க வேண்டும், பிரசவம் அரசு மருத்துவமனையில் நடக்க வேண்டும். முதல் இரண்டு பிரசவத்துக்குத்தான் கிடைக்கும்.

இத்தனையும் சரியாக இருந்தும் பணம் வராத பெண்களை எங்கள் தெருவிலேயே பார்த்திருக்கிறேன். ஒன்று, கர்ப்பத்தைத் தாமதமாகப் பதிந்திருப்பார்கள். இல்லையென்றால் வங்கிக் கணக்கில் சிக்கல் இருக்கும்.

படி 1: 12 வாரத்துக்குள் பதிவு

"மூணு மாசம் முடியட்டும், அப்புறம் வெளியில சொல்லலாம்" என்பார்கள் வீட்டுப் பெரியவர்கள். ஊருக்குச் சொல்ல வேண்டாம், சரி. ஆனால் கிராம சுகாதார செவிலியரிடம் மட்டும் உடனே சொல்லிவிடுங்கள். நகரத்தில் இருந்தால் பக்கத்து நகர்ப்புற ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். ஆதார், வங்கி பாஸ்புக், குடும்ப அட்டை, கையில் இருக்கும் செல்போன் எண், இவை போதும். 102க்கு போன் செய்தும் பதியலாம்.

பதிந்ததும் 12 இலக்க எண் ஒன்று கிடைக்கும். எல்லோரும் பிக்மி எண் என்று சொல்வது இதைத்தான். பிறகு குழந்தையின் பிறப்புச் சான்றிதழுக்கும் இது வேண்டும். தாய் சேய் நல அட்டையில் எழுதியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு, போனிலும் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். உதவித்தொகைக்கான விண்ணப்பத்தையும் அன்றே செவிலியரிடம் கேட்டு நிரப்பிக் கொடுத்துவிடுங்கள்.

படி 2: வங்கிக் கணக்கு

பணம் தவறுவது இங்கேதான் அதிகம். கணக்கு அந்தப் பெண்ணின் பெயரில் மட்டும் இருக்க வேண்டும். கணவர் கணக்கோ மாமியார் கணக்கோ கூடாது.

பாஸ்புக் நகல் கொடுத்துவிட்டோம், அந்தக் கணக்குக்கே பணம் வரும் என்று நம்பிக்கொண்டிருப்போம். அப்படி இல்லை. ஆதார் வழியாக அனுப்பும் பணம், ஆதாரோடு கடைசியாக எந்தக் கணக்கு இணைக்கப்பட்டதோ அதற்குத்தான் போகும். பள்ளியில் படிக்கும்போது உதவித்தொகைக்காகத் தொடங்கிய பழைய கணக்கு பலருக்கு இருக்கும். நெடுநாள் வரவு செலவே இல்லாவிட்டால் அது முடங்கியிருக்கலாம். ஆதார் அந்தக் கணக்கோடு இணைந்திருந்தால் பணம் வராமல் நின்றுபோகும்.

இதைத் தெரிந்துகொள்ள மை ஆதார் இணையதளத்தில் உள்நுழைந்து வங்கி இணைப்பு நிலையைப் பாருங்கள். எந்த வங்கி என்று காட்டும். இ-சேவை மையத்திலும் கேட்கலாம். வேண்டாத வங்கியைக் காட்டினால், இப்போது பயன்படுத்தும் வங்கிக்குப் போய், "அரசுப் பணம் இந்தக் கணக்குக்கு வரும்படி ஆதாரை இணைத்துக் கொடுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். வங்கிக்கு அலைய முடியாத நிலை என்றால் தபால்காரரிடம் கேளுங்கள். அஞ்சலக வங்கிக் கணக்கை வீட்டுக்கே வந்து கைரேகை வைத்துத் தொடங்கித் தருவார்கள்.

ஆதாரிலும் பாஸ்புக்கிலும் பெயர் ஒரே மாதிரி இருக்கட்டும். ஒன்றில் அப்பா பெயரும் இன்னொன்றில் கணவர் பெயரும் இருந்தால், குழந்தை பிறக்கும் முன்பே திருத்திவிடுங்கள். கைக்குழந்தையோடு வரிசையில் நிற்பது பெரும்பாடு.

படி 3: பரிசோதனையும் பெட்டகமும்

மாதப் பரிசோதனைக்குத் தவறாமல் போங்கள். நெய், பேரீச்சை, சத்துமாவு, இரும்புச்சத்து டானிக் எல்லாம் பெட்டகத்தில் இருக்கும். அது மாசமாக இருக்கிற பெண் சாப்பிடுவதற்கு. வீட்டில் பங்கு போட வேண்டாம்.

படி 4: தாய் வீட்டுக்குப் போகும்போது

வளைகாப்பு முடிந்து அம்மா வீட்டுக்குப் போவது நம் வழக்கம். கிளம்பும் முன் பதிந்த ஊர் செவிலியரிடம் சொல்லிவிட்டு, போன ஊர் செவிலியரிடம் பிக்மி எண்ணைக் காட்டுங்கள். மறுபடி புதிதாகப் பதிய வேண்டாம். பிரசவமும் தடுப்பூசிகளும் அதே எண்ணில் ஏறினால்தான் அடுத்த தவணை நகரும்.

பிரசவத்துக்கு 108 இலவசம். குழந்தையோடு வீடு திரும்ப 102 வண்டியை ஆஸ்பத்திரியிலேயே கேளுங்கள். மத்திய அரசின் ஜனனி சுரக்ஷா பிரசவ உதவித் திட்டத்தில் கிராமத்தில் 700, நகரத்தில் 600 ரூபாய் உண்டு. அது தனி.

படி 5: தவணைகள்

நான்காம் மாதத்தில் 6,000. குழந்தைக்கு மூன்றரை மாதத் தடுப்பூசி போட்டு, நான்கு மாதம் ஆனதும் 6,000. ஒன்பதாம் மாதத் தட்டம்மை-ரூபெல்லா ஊசிக்குப் பிறகு 2,000. ஊசி போட்டதும் அட்டையில் தேதி எழுதினார்களா, கணினியில் ஏற்றினார்களா என்று தயங்காமல் கேளுங்கள்.

இதற்குக் கட்டணம் எதுவும் கிடையாது. பணம் போடுகிறோம் என்று போனில் யாராவது ஓடிபி கேட்டால் சொல்லாதீர்கள்.

படி 6: பணம் வரவில்லையா?

முதலில் செவிலியர், அடுத்து வட்டார மருத்துவ அலுவலர். அங்கேயும் நகரவில்லை என்றால் முதல்வர் உதவி மைய எண் 1100க்கு போன் செய்யுங்கள், அல்லது திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டத்தில் மனு கொடுங்கள். மனுவில் பிக்மி எண், பதிந்த தேதி, எந்தத் தவணை வரவில்லை என்பதை எழுதி, தடுப்பூசிப் பக்கத்தின் நகலையும் வங்கி இணைப்பு நிலையின் நகலையும் சேர்த்து வையுங்கள். மனுவுக்கான ரசீதை வாங்காமல் வராதீர்கள்.