திவேஹி எழுத்துப்பிழையைக் குறைக்க ஃபிலி இல்லாத தாள்

மாலத்தீவில் எட்டு, ஒன்பதாம் வகுப்புக்குத் திவேஹி (மாலத்தீவின் மொழி) நடத்துபவர்கள், சொல்வதெழுதலுக்குப் பதிலாக ஒரு பத்தியை ஃபிலிகளை (உயிர்க்குறிகள்) மட்டும் நீக்கி அச்சிட்டுக் கொடுங்கள். பிள்ளைகள் பேனாவால் நிரப்பட்டும். கணினியில் ஒவ்வொரு ஃபிலியும் தனிக் குறி. சுகூனோடு (உயிரொலி இல்லை என்று காட்டும் குறி) சேர்த்து 11 முறை ‘ரீப்ளேஸ்’ கொடுத்தால் தாள் தயார். குறிகள் மேலும் கீழும் வருமென்பதால் வரி இடைவெளியைத் தாராளமாக விடுங்கள்.

திவேஹியை எழுதும் தானா எழுத்தில் உயிரொலி முழுக்க ஃபிலியில்தான். ஃபென் (தண்ணீர்), ஃபன் (ஓலை), ஃபுன் (ஆழம்) மூன்றுக்கும் அதே இரண்டு எழுத்துகள். போனில் ஆங்கில எழுத்தில் திவேஹி அடித்துப் பழகிய பிள்ளைகள் குறில் நெடிலில்தான் கோட்டை விடுகிறார்கள். திருத்தவும் குறிகளைப் பார்த்தால் போதும்.

அரபுச் சொற்களுக்கு இது உதவாது. அங்கே சிக்கல் அரபு ஒலிகளுக்காகப் புள்ளி வைத்த தானா மெய்களில். ஹந்து (நிலா) போன்ற சொற்களில் நூனு (‘ன’ ஒலிக்கான எழுத்து) குறியில்லாமலே நிற்கும், பிள்ளைகள் அதற்கும் சுகூன் போட்டுவிடுவார்கள். முதல் தாளில் அவற்றைச் சேர்க்காதீர்கள்.