மலையகத்திலிருந்து வெளிநாட்டுக் கழகங்களுக்கு: கூடைப்பந்தாட்ட வீரருக்கு ஒரு வழிகாட்டி

ஹட்டனிலோ பதுளையிலோ பனிமூட்டம் விலகாத காலையில், நனைந்த சீமெந்துத் தரையில் பந்து தட்டிப் பழகும் பிள்ளை, வளையத்தின் நேர்கீழிருந்து 6.75 மீற்றரை நாடாவால் அளந்து, சர்வதேச மூன்று புள்ளிக் கோட்டைச் சுண்ணாம்பால் வரைந்துகொண்டு, அதற்கு வெளியே நின்றே எறிந்து பழக வேண்டும். அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்தாட்டத் தொடரான என்.பி.ஏ. அரங்கில் அதே கோடு 7.24 மீற்றர் வரை பின்தள்ளியிருக்கும்.

நாடு மாறும்போது, விட்டுச்செல்லும் நாட்டின் கூடைப்பந்தாட்டச் சம்மேளனம் வழங்கும் விடுவிப்புக் கடிதம் அவசியம். அதனை முன்கூட்டியே கோருங்கள்.

ஒப்பந்தத்திலேதான் மிகுந்த கவனம் தேவை. சம்பளத் திகதி, தங்குமிடம், மருத்துவச் செலவு, திரும்பிவரும் விமானச்சீட்டு ஆகிய அனைத்தும் எழுத்தில் இருக்க வேண்டும். சம்பளம் நின்றுபோனால் ஜெனீவாவிலுள்ள கூடைப்பந்து நடுவர் மன்றத்தில் முறையிடலாம் என்ற வாசகத்தையும் அதிலேயே சேர்க்கச் சொல்லுங்கள். கங்காணியின் வாய்ச்சொல்லை நம்பிக் கடல் கடந்துவந்த நம் முன்னோர் பட்ட பாட்டை அறிந்த நமக்கு, அந்த ஒரு வரியின் அருமை நன்றாக விளங்கும்.

1996 முதல் 2009 வரை என்.பி.ஏ.யில் ஆடிய ஸ்டெபான் மார்பரி, பின்னர் சீனா சென்று, பெய்ஜிங் அணியுடன் 2012, 2014, 2015 ஆம் ஆண்டுகளில் சம்பியன் பட்டம் வென்றார். ஓரிடத்தில் ஆட்டம் முடிந்தாலும் இன்னொரு நாட்டில் வாய்ப்புத் திறக்கலாம். ஆகவே, ஆடிய ஒவ்வோர் ஆட்டத்தின் காணொளியையும் புள்ளிவிபரத் தாளையும் திகதியிட்டுச் சேமித்துவையுங்கள். அடுத்த கழகத்தின் பயிற்றுநருக்கு அனுப்ப அவை கைவசம் இருக்க வேண்டும்.