பெயருக்குப் பொருள் தேடுகிறீர்களா? இந்தத் தவறுகள் வேண்டாம்

ஒரு பெயரின் ஒலியைக் கேட்டதுமே அதற்கு அர்த்தம் சொல்லிவிடுகிறோம். பெரும்பாலான தவறுகள் அங்கேதான் ஆரம்பிக்கின்றன. நவோமி என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். எபிரேயத்தில் அதற்கு இனிமையானவள் என்று பொருள். தமிழ் பைபிளில் நகோமி என்று வருபவர் இவர்தான். ஜப்பானிலும் நவோமிகள் இருக்கிறார்கள். ஆனால் அது அந்த மண்ணில் தனியாகப் பிறந்த பெயர், எபிரேயப் பெயரோடு அதற்கு ஒட்டுமில்லை உறவுமில்லை.

ஜப்பானியப் பெயர்களில் இன்னொன்றும் கவனிக்க வேண்டும். யுகி என்று ஒரு பெண் இருந்தால், அவர் பெயரை எந்தச் சித்திர எழுத்தில் எழுதுகிறார் என்பதில்தான் பொருள் இருக்கிறது. ஓர் எழுத்தில் எழுதினால் பனி, வேறோர் எழுத்தில் எழுதினால் மகிழ்ச்சி. இரண்டு மூன்று எழுத்துகளைச் சேர்த்து எழுதுகிறவர்களும் உண்டு. சீனப் பெயர்களுக்கும் இதே கதைதான். அதனால் ‘யுகி என்றால் பனி’ என்று ஒரே வரியில் முடித்துவிடும் பட்டியல்களை நம்ப வேண்டாம். “உங்க பேரை எப்படி எழுதுவீங்க?” என்று அவரிடமே கேட்டுவிடுவது நல்லது.

என்னை அதிகம் உறுத்துவது, பெயரைத் தப்பான இடத்தில் வெட்டுவது. அப்துல் ரஹ்மான் என்ற பெயரில் ‘அப்த்’ என்றால் அடியார். ரஹ்மான், அருளாளன் என்ற இறைவனின் திருநாமம். இரண்டும் சேர்ந்தால்தான் ‘அருளாளனின் அடியார்’. அப்துல் என்று நிறுத்தினால், யாருடைய அடியார் என்று சொல்லாமலே பாதியில் விட்டதாகிவிடும். பேச்சில் அப்படிக் கூப்பிடுவது உண்டுதான், ஆனால் அப்துல்லுக்குத் தனியாகப் பொருள் எழுதுவது சரியல்ல.

மரியாதைச் சொல்லையும் பெயர் என்றே நினைத்துவிடுகிறோம். 1961 முதல் 1971 வரை ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த ஊ தாண்டின் பெயர் வெறும் தாண்ட் தான். ‘ஊ’ என்பது பர்மிய மொழியில் நம் ‘ஐயா’ மாதிரி. பர்மியர்களிடம் குடும்பப்பெயர் வழக்கமே இல்லை. ஆங் சான் சூச்சி பெயரில் ஆங் சான் தந்தையுடையது, ‘சூ’ பாட்டியுடையது, ‘சி’ தாயுடையது.

அப்புறம், கடைசியில் வருவதெல்லாம் குடும்பப்பெயர் என்ற எண்ணம். மாவோ சேதுங்கில் மாவோதான் குடும்பப்பெயர். ஐரோப்பாவிலேயே ஹங்கேரிக்காரர்கள் குடும்பப்பெயரை முன்னால் வைக்கிறார்கள். ஃபிடல் காஸ்ட்ரோ ரூஸ் என்ற பெயரில் காஸ்ட்ரோ தந்தை வழி, ரூஸ் தாய் வழி. ஐஸ்லாந்தில் 1980-ல் அதிபராகத் தேர்வான விக்டிஸ் ஃபின்போகாடோட்டிரின் பெயரில் பின்பாதி, ‘ஃபின்போகியின் மகள்’ என்று மட்டுமே சொல்கிறது. அங்கே அதிபராக இருந்தவரையும் விக்டிஸ் என்றுதான் குறிப்பிடுவார்கள்.

ஒரே குடும்பப்பெயர் இருந்தால் ஒரே வம்சம் என்பதும் தவறு. ஆங்கிலத்தில் ஸ்மித், ஜெர்மனில் ஷ்மிட், போலிஷில் கோவால்ஸ்கி, அரபியில் ஹத்தாத் எல்லாமே கொல்லர் தொழிலிலிருந்து வந்தவை. பட்டறை இருந்த ஊரிலெல்லாம் இப்படி ஒரு பெயர் தனித்தனியாக முளைத்திருக்கும்.

குடும்பப்பெயர் என்றாலே பழமையானது என்றும் எண்ண வேண்டாம். தாய்லாந்தில் அதற்கான சட்டம் 1913-ல் வந்தது, துருக்கியில் 1934-ல். அதற்கு முந்தைய ஆவணங்களில் இன்றைய குடும்பப்பெயரைத் தேடினால் பெரும்பாலும் கிடைக்காது. தந்தை பெயர், ஊர், பட்டப்பெயர் ஆகியவற்றை வைத்துத்தான் தேட வேண்டும்.