மதுவிலக்கு வழக்கில் வண்டி சிக்கினால் செய்யக்கூடாத தவறுகள்

போலீஸ் வண்டியைப் பிடித்து ஸ்டேஷனில் நிறுத்தினாலும் ‘பறிமுதல்’ என்கிறோம், அந்த வண்டி இனி அரசுக்கே சொந்தம் என்று உத்தரவு வந்தாலும் ‘பறிமுதல்’ என்கிறோம். சட்டத்தில் இரண்டும் ஒன்றல்ல. முதலாவது கைப்பற்றுதல், இரண்டாவது அரசுடைமையாக்கல். வண்டியைக் காப்பாற்ற நல்ல வாய்ப்பு இருப்பது இரண்டுக்கும் நடுவில் உள்ள நாட்களில்தான். பலர் அந்த நாட்களைச் சும்மா இருந்தே கழித்துவிடுகிறார்கள்.

உங்கள் பைக்கை அக்கா மகன் இரவல் வாங்கிக்கொண்டு போகிறான், புதுச்சேரியிலிருந்து வரும் வழியில் பாட்டில்களோடு மாட்டிக்கொள்கிறான் என்று வைத்துக்கொள்வோம். தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், 1937-இன் கீழ் அவன் மீது வழக்கு. ‘கேஸ் முடியட்டும், வண்டி தானாக வந்துவிடும்’ என்று நினைப்பதுதான் எல்லாவற்றிலும் பெரிய தவறு. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் குற்ற வழக்கு ஒரு பக்கம் நடக்கும், வண்டியை அரசுடைமையாக்கும் நடவடிக்கை அதற்கென அதிகாரம் பெற்ற அதிகாரியிடம் தனியாக ஓடும். பையன் விடுதலையாகி வரும்போது வண்டி ஏலத்தில் போய்ச் சேர்ந்திருக்கலாம். ஸ்டேஷன் பின்பக்கம் போய்ப் பாருங்கள், டேங்க்கில் பெயிண்டால் எழுதிய குற்ற எண், கிழிந்த சீட், சக்கரத்தைச் சுற்றி ஏறிய கொடி. ஒவ்வொன்றும் ஒரு வீட்டின் பிழைப்பு.

அதிகாரியிடமிருந்து வரும் நோட்டீஸைப் பிரிக்காமல் வைப்பது, ‘நேரில் போய்ப் பேசிக்கொள்ளலாம்’ என்று விடுவது, இரண்டுமே ஆபத்து. கெடுவுக்குள் எழுத்தில் பதில் கொடுத்து நகலில் ஒப்புதல் முத்திரை வாங்குங்கள். ‘எனக்கு எதுவும் தெரியாது’ என்ற ஒற்றை வரி போதாது. உங்களுக்குத் தெரியாமல், உங்கள் உடந்தை இல்லாமல், நீங்கள் எடுக்க வேண்டிய கவனத்தை எடுத்தும் அது நடந்தது என்று காட்டும் பொறுப்பு உங்கள் தலையில்தான் இருக்கிறது. வண்டி எதற்காகக் கொடுக்கப்பட்டது, அன்று நீங்கள் எங்கே இருந்தீர்கள், டிரைவர் என்றால் அவருக்கு என்ன சொல்லி அனுப்பினீர்கள் என்பதற்கெல்லாம் கையில் இருக்கிற காகிதம், போன் செய்தி எதுவானாலும் சேருங்கள்.

இன்னொரு சிக்கல் ஆர்சி. பழைய வண்டி வாங்கிப் பெயர் மாற்றாமல் ஓட்டுபவருக்கு நோட்டீஸே வராது, அது பழைய ஓனர் வீட்டுக்குப் போகும். வண்டியைக் கேட்டு கோர்ட்டுக்குப் போனாலும் ‘நீங்கள் யார்?’ என்பதுதான் முதல் கேள்வி.

அப்புறம், எந்தக் கதவை எப்போது தட்டுவது என்பது. அரசுடைமை உத்தரவு வருவதற்கு முன் இடைக்கால ஒப்படைப்பு (வழக்கு முடியும்வரை வண்டியைத் தற்காலிகமாகத் திருப்பித் தருவது) கேட்டு மாஜிஸ்திரேட்டிடம் மனு போடலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451-ஆவது பிரிவு, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 497 ஆகிவிட்டது. வண்டிகளை ஸ்டேஷனில் நீண்ட நாள் போட்டுவைக்கக் கூடாது, போட்டோ எடுத்துக்கொண்டு பிணைப்பத்திரத்தோடு ஒப்படைக்கலாம் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-லேயே சொல்லியிருக்கிறது. மனுவில் அதைக் குறிப்பிடச் சொல்லுங்கள். உத்தரவு வந்த பிறகும் அதே மனுவைத் தூக்கிக்கொண்டு போனால் நாள்தான் போகும், அப்போது பார்க்க வேண்டியது அந்த உத்தரவின் மீதான மேல்முறையீட்டையும் அதன் கெடுவையும். எடுத்த எடுப்பில் உயர் நீதிமன்றத்தில் ரிட் (அதிகாரியின் செயலை நேரடியாக எதிர்க்கும் மனு) போட்டால், ‘சட்டத்தில் வேறு வழி இருக்கிறதே’ என்று திருப்பி அனுப்ப வாய்ப்பு உண்டு. ஆனால் நோட்டீஸே கொடுக்காமல், உங்கள் தரப்பைக் கேட்காமல் உத்தரவு போட்டிருந்தால் தயங்காதீர்கள், ரிட்டுக்கு அது வலுவான காரணம்.

வெளிமாநிலத்துக்கு லாரி அனுப்புபவர்கள் அந்தந்த மாநிலச் சட்டத்தைத் தனியாகப் பார்க்க வேண்டும். பீகாரின் 2016 சட்டப்படி அரசுடைமை நடவடிக்கை மாவட்ட ஆட்சியர் கையில், 2022 திருத்தத்துக்குப் பிறகு அபராதம் கட்டி வண்டியை மீட்கவும் அங்கே வழி இருக்கிறது. இங்கே நடந்ததை வைத்து அங்கே மனு எழுதினால் நிற்காது.

சரி, வண்டி கைக்கு வந்துவிட்டது. உடனே விற்காதீர்கள், பெயின்ட் நிறத்தையும் மாற்றாதீர்கள். இடைக்கால ஒப்படைப்பில் அதெல்லாம் கூடாது என்பது வழக்கமான நிபந்தனை, கோர்ட் கேட்கும் நாளில் வண்டியை அதே நிலையில் கொண்டுபோய் நிறுத்த வேண்டும்.