செல்ஃப் டேப் அனுப்புறதுக்கு முன்னாடி இத ஒரு தடவ படிச்சிடுங்க

செல்ஃப் டேப்னா ஆடிஷனுக்காக நீங்களே நடிச்சு எடுத்து அனுப்புற வீடியோ. நடிக்க சான்ஸ் தேடுற பசங்க எங்கிட்ட மொதல்ல கேக்குறது எந்த கேமரா வாங்கலாம்னுதான். ஒண்ணும் வாங்காதீங்க, போன் போதும். போன குறுக்குவாட்டுல வச்சு எடுங்க, லென்ஸ் உங்க கண்ணு உயரத்துல, நெஞ்சுலேர்ந்து தலை வரைக்கும் ஃப்ரேம். பின்னாடி வெறும் சுவர். ஜன்னல் வெளிச்சம் முகத்துல விழணும், முதுகுக்குப் பின்னாடி ஜன்னல் இருந்தா நீங்க வெறும் நிழல்தான். ஃபேன ஆஃப் பண்ணிடுங்க. பேரு, வயசு, உயரம் சொல்றது, ஃபைலுக்குப் பேர் வைக்கிறது எல்லாம் ஆடிஷன் நடத்துறவங்க மெயில்ல எப்படி கேட்டிருக்காங்களோ அப்படியே.

எதிர் டயலாக் படிக்க ஒரு ஆள் கட்டாயம் வேணும். அவர சோபாவுல தள்ளி உக்கார வச்சுடாதீங்க, உங்க சைடு முகம்தான் பதிவாகும். லென்ஸுக்கு ஒட்டுன மாதிரி நிக்க வைங்க, அப்பதான் ரெண்டு கண்ணும் தெரியும். மைக்குக்குப் பக்கத்துல நிக்கிறதால அவர் கொஞ்சம் சத்தம் கம்மியா படிக்கணும், இல்லன்னா ஆடிஷன் அவருக்கு நடக்குற மாதிரி இருக்கும்.

இப்ப முக்கியமான விஷயம். டயலாக்க ராகம் போட்டு மனப்பாடம் பண்ணாதீங்க. நான் பட்ட அடி இது. அண்ணன் "நாளைக்கு கெளம்புறேன்"ங்கிறான், நான் "சரி"ன்னு சொல்லணும், அவ்ளோதான் சீன். வீட்ல நூறு தடவ அழுகுற குரல்லயே சொல்லிப் பாத்துட்டுப் போனேன். டைரக்டர் பாத்துட்டு "நல்லாருக்கு, இப்ப அவன் போறது உனக்கு சந்தோஷம், அப்படி சொல்லு"ன்னாரு. வாய்ல அதே அழுகதான் வருது! மொத தடவ நல்லா பண்ணாலும் மாத்திப் பண்ண சொல்லுவாங்க, சொன்னத கேட்டு மாத்துறோமான்னு பாக்கத்தான். அதனால வார்த்தைய மட்டும் பாத்திரம் கழுவிக்கிட்டே சும்மா ஒப்பிச்சு ஏத்திக்கோங்க. எதிராள் சொல்றத காதுல வாங்குங்க, அது போய் இறங்குற அந்த ரெண்டு செகண்ட்தான் க்ளோஸப்ல தெரியும்.

ஷோரீல், அதாவது நீங்க நடிச்ச சீன்கள வெட்டி ஒட்டுன வீடியோ, ஒரு நிமிஷம், மிஞ்சிப் போனா ரெண்டு. பாட்டு, ஸ்லோமோஷன் எல்லாம் வேணாம், நீங்க பேசுற சீன மொதல்ல வைங்க.

செட்டுக்குப் போயாச்சுன்னா கன்டினியூட்டி. சினிமால ஒரே சீன வைட், மிட், க்ளோஸப்னு பல ஆங்கிள்ல திரும்பத் திரும்ப எடுப்பாங்க, எந்த வார்த்தைல எந்தக் கையால டம்ளர தூக்குனீங்களோ ஒவ்வொரு தடவையும் அதே மாதிரி தூக்கணும், இல்லன்னா உங்க நல்ல டேக் எடிட்டிங்ல ஒட்டாது. சீரியல்ல அவ்ளோ நேரம் கெடைக்காது, ஒரே நாள்ல பக்கம் பக்கமா எடுப்பாங்க, ரெண்டாவது டேக்கே அதிர்ஷ்டம், அதனால வேகமா மனசுல ஏத்துற பழக்கம் வேணும்.

பணம். ஆடிஷனுக்கு காசு கேட்டா எழுந்து வந்துடுங்க. பதினெட்டு வயசு ஆகலன்னா சம்பளத்துக்குன்னு தனி அக்கவுன்ட் போட வீட்ல கேளுங்க, தப்பே இல்ல. 1921ல சாப்ளின் கூட நடிச்சு பெரிய ஸ்டாரான சின்னப் பையன் ஜாக்கி கூகன், வளந்து பாத்தா அந்தப் பணத்துல பெரும்பகுதிய அம்மாவும் வளர்ப்பு அப்பாவும் செலவழிச்சிருந்தாங்க, கேஸ் போட்டும் கைக்கு கொஞ்சம்தான் வந்துச்சு. 1939ல கலிஃபோர்னியால அவர் பேர்லயே சட்டம் வந்துச்சு, இப்ப அங்க சின்னப் பசங்க சம்பளத்துல 15 சதவீதம் அவங்க பெரியவங்களாகுற வரைக்கும் யாரும் தொட முடியாத அக்கவுன்ட்ல போயிடும்.