‘எல்லாம் நலம்’ என்று தப்பாகச் சொல்லும் ஸ்கிரிப்ட்: ஏ.டபிள்யூ.எஸ் ஹெல்த் விவரம் எடுப்பதில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பைத்தானில் போட்டோ3 லைப்ரரியை (அமேசானின் கிளவுட் சேவையான ஏ.டபிள்யூ.எஸ்-ஐக் கோடிலிருந்து அழைக்க உதவுவது) வைத்து, அங்கே ஓடும் நாற்பது சர்வர்களின் ஹெல்த்தை எடுத்து டாஷ்போர்டில் காட்டுவது அரைமணி நேர வேலை. அது காட்டும் பச்சையை நம்பலாமா என்பதுதான் கேள்வி. இந்த ஸ்கிரிப்டுகளில் நடக்கும் தவறுகளில் பாதிக்கு எர்ரரே வராது. ஏதோ ஒரு சர்வர் பட்டியலில் சேராமலே போயிருக்கும். வந்தவற்றை மட்டும் எண்ணிப் பார்த்துவிட்டு ஸ்கிரிப்ட் பச்சை காட்டிவிடும்.

நின்றுபோன சர்வர் பட்டியலுக்கே வராது

ஏ.டபிள்யூ.எஸ்-இன் சர்வர் சேவையான இசி2-வில் (அங்கே ஒரு சர்வருக்கு இன்ஸ்டன்ஸ் என்று பெயர்) டிஸ்கிரைப்_இன்ஸ்டன்ஸ்_ஸ்டேட்டஸ் என்ற அழைப்பு, நாம் வேறு எதுவும் சொல்லாவிட்டால், ரன்னிங் நிலையில் உள்ளவற்றை மட்டும்தான் தரும். ஐடி கொடுத்துக் கேட்டாலும் இதே கதைதான். பத்து ஐடி கொடுக்கிறீர்கள், அதில் இரண்டு சர்வர் நின்றுகிடக்கின்றன என்றால் பதில் எட்டுக்குத்தான் வரும். எட்டும் ‘ஓகே’. எனவே இன்க்ளூட்ஆல்இன்ஸ்டன்சஸ் என்ற பாராமீட்டரை ட்ரூ என்று வையுங்கள். அப்போது நின்றவையும் வரும். அவற்றின் ஸ்டேட்டஸ் ‘நாட்-அப்ளிக்கபிள்’ என்றிருக்கும். அதையும் தோல்வியென்று எண்ணிவிடாமல், இன்ஸ்டன்ஸ் நிலையைச் சேர்த்துப் பார்க்க வேண்டும். ‘இனிஷியலைசிங்’ என்பதும் கோளாறு இல்லை, இப்போதுதான் எழுந்திருக்கிறது என்று பொருள்.

இந்த அழைப்பில் டேக் (சர்வருக்கு நாம் ஒட்டும் பெயர்ச்சீட்டு) வைத்து வடிகட்ட வழியில்லை. ஒரு டேக்கில் உள்ள சர்வர் கூட்டத்தின் ஹெல்த் வேண்டுமென்றால், முதலில் டிஸ்கிரைப்_இன்ஸ்டன்சஸ் மூலம் ஐடிகளை எடுத்து, நூறு நூறாகப் பிரித்துத்தான் ஸ்டேட்டஸ் கேட்க வேண்டும். ஒருமுறைக்கு 100 ஐடி என்பதே வரம்பு. பழைய ஐடிகளை ஃபைலில் சேமித்து வைத்துக் கேட்பவர்கள் இன்னொரு இடத்திலும் மாட்டுவார்கள்: நூறில் ஒரே ஒரு ஐடி இப்போது இல்லையென்றால் மற்ற 99-க்கும் பதில் வராது, மொத்த அழைப்பும் எர்ரர் ஆகும். ஐடிகளை ஒவ்வொரு முறையும் புதிதாக எடுங்கள்.

பதிலில் சிஸ்டம்ஸ்டேட்டஸ், இன்ஸ்டன்ஸ்ஸ்டேட்டஸ் என்று இரண்டு தனித்தனியாக இருக்கும். இரண்டில் ஒன்றை மட்டும் படிக்கிற கோடுதான் அதிகம் கண்ணில் படுகிறது. முதலாவது கெட்டால் கோளாறு அடியிலுள்ள ஹார்டுவேரிலோ ஏ.டபிள்யூ.எஸ் நெட்வொர்க்கிலோ இருக்கிறது. இபிஎஸ் டிஸ்கில் (நெட்வொர்க் வழியாக இணையும் டிஸ்க்) ஓடும் சர்வரை ரீபூட் செய்வதைவிட, நிறுத்தி மீண்டும் தொடங்கினால் பெரும்பாலும் வேறு ஹோஸ்டுக்குப் போய்விடும். இரண்டாவது கெட்டால் மெமரி தீர்ந்ததா, ஓஎஸ் பூட் ஆகவில்லையா என்று நம் பக்கம்தான் தேட வேண்டும். இரண்டையும் சேர்த்து ‘அன்ஹெல்தி’ என்று ஒரே வார்த்தையில் அலர்ட் அனுப்பினால், நடுராத்திரி எழுந்து பார்ப்பவருக்கு அது எந்தத் துப்பும் தராது.

டார்கெட் குரூப்: இரண்டே நிலை என்று நினைப்பது

வரும் டிராஃபிக்கைப் பல சர்வர்களுக்குப் பகிர்ந்து அனுப்புவது லோட் பேலன்சர்; அதற்குப் பின்னால் உள்ள கூட்டம் டார்கெட் குரூப், அதில் ஒவ்வொன்றும் ஒரு டார்கெட். அவற்றின் ஹெல்த்தைக் கேட்கும் அழைப்பு டிஸ்கிரைப்_டார்கெட்_ஹெல்த். ‘ஹெல்தி இல்லையென்றால் அலாரம்’ என்று எழுதிய கோடு, ஒவ்வொரு டெப்ளாய்மென்டின்போதும் கத்தித் தீர்க்கும். ஏனென்றால் ‘இனிஷியல்’, ‘டிரெய்னிங்’, ‘அன்யூஸ்டு’ என்ற நிலைகளும் உண்டு. டிரெய்னிங் என்பது வெளியேறிக்கொண்டிருக்கும் டார்கெட். மாற்றாவிட்டால் அதற்குரிய நேரம் 300 விநாடி. அன்யூஸ்டு என்பதைத்தான் உற்றுப் பார்க்க வேண்டும். எந்த லோட் பேலன்சரிலும் இணைக்காத குரூப்புக்கும் அதுதான் வரும், நின்றுபோன இன்ஸ்டன்ஸுக்கும் அதுதான் வரும். பிரித்தறிய ரீசன் ஃபீல்டைப் படியுங்கள்: முன்னதற்கு டார்கெட்.நாட்இன்யூஸ், பின்னதற்கு டார்கெட்.இன்வேலிட்ஸ்டேட்.

அந்த ரீசன் ஃபீல்டிலும் ஒரு பொறி உண்டு. டார்கெட் ஹெல்தியாக இருந்தால் அந்த ஃபீல்டே பதிலில் இருக்காது. சதுர அடைப்புக்குறி போட்டு நேரடியாகப் படித்தால் கீஎர்ரர் வந்து, ஒரு டார்கெட் நன்றாக இருந்தாலே ஸ்கிரிப்ட் விழும். கெட் மெத்தடில் படித்தால் தப்பிக்கலாம்.

அடுத்தது டிக்ஷனரி. இன்ஸ்டன்ஸ் ஐடியைக் கீயாக வைத்து முடிவுகளைச் சேர்ப்பார்கள். ஒரே சர்வரில் 8080, 8081 என இரண்டு போர்ட்டில் ஆப் ஓடினால் இரண்டு பதிவு வரும். 8080 செத்து, 8081 உயிரோடு இருந்து, அது இரண்டாவதாக வந்தால் முதல் பதிவு அழிந்து பச்சை விழும். ஐடியையும் போர்ட்டையும் சேர்த்தே கீயாக வையுங்கள்.

ரீசன் டார்கெட்.ரெஸ்பான்ஸ்கோட்மிஸ்மேட்ச் என்று வந்தால் உடனே சர்வரைச் சந்தேகிக்க வேண்டாம். டிஸ்கிரிப்ஷனில் 301 இருந்தால், ஆப் ஹெல்த் பாதையையே ஹெச்டிடிபிஎஸ்-க்குத் திருப்பிவிடுகிறது. செக் எதிர்பார்ப்பதோ 200. டார்கெட்.டைம்அவுட் என்றால் முதலில் செக்யூரிட்டி குரூப்பை (சர்வரின் ஃபயர்வால் விதிகள்) பாருங்கள்.

அப்ளிகேஷன் லோட் பேலன்சரில், ஒன்றும் மாற்றாவிட்டால், 30 விநாடிக்கு ஒரு செக். அடுத்தடுத்து 2 தோற்றால் அன்ஹெல்தி. திரும்பி வர அடுத்தடுத்து 5 ஜெயிக்க வேண்டும். அதாவது சரிசெய்த பிறகும் இரண்டு, இரண்டரை நிமிடம் சிவப்பாகத்தான் இருக்கும். இதை 5 விநாடிக்கொருமுறை கேட்பதால் புதிதாக எதுவும் தெரியவராது. ஒரு அழைப்புக்கு ஒரு குரூப் என்பதால், இருநூறு குரூப் இருந்தால் த்ராட்லிங்தான் (அடிக்கடி கேட்பதால் அழைப்பை மறுப்பது) மிச்சம். போட்டோ3 கான்ஃபிகில் ரீட்ரை மோடை ‘ஸ்டாண்டர்ட்’ என்று வைத்து, எத்தனை முயற்சி என்பதையும் நீங்களே குறிப்பிடுங்கள்.

இன்னொன்று: குரூப்பில் எல்லா டார்கெட்டும் அன்ஹெல்தி ஆனால், லோட் பேலன்சர் டிராஃபிக்கை நிறுத்தாது, எல்லாவற்றுக்கும் அனுப்பும். தளம் திறக்கிறதே என்று அந்தச் சிவப்பை ஒதுக்கிவிடக் கூடாது.

ஆட்டோ ஸ்கேலிங் சொல்லும் ‘ஹெல்தி’ வேறு

ஆட்டோ ஸ்கேலிங் குரூப் என்பது சர்வர் எண்ணிக்கையைத் தானே கூட்டிக் குறைக்கும் கூட்டம். ஈஎல்பி (லோட் பேலன்சர்) ஹெல்த் செக்கை அதில் இயக்காவிட்டால், இசி2 மட்டத்தில் சர்வர் ஓடுகிறதா என்பதை மட்டுமே பார்க்கும். ஆப் 502 எர்ரர் தந்துகொண்டிருந்தாலும் அதன் கணக்கில் ஹெல்தி. லைஃப்சைக்கிள்ஸ்டேட் ‘இன்சர்வீஸ்’ ஆக உள்ளவற்றை எண்ணி, டிசையர்டு கெப்பாசிட்டியோடு (இருக்க வேண்டிய எண்ணிக்கை) ஒப்பிடுங்கள். ‘ஹெல்தி’ என்ற ஆங்கிலச் சொல் வருவதில் எழுத்துக் குழப்பமும் உண்டு: குரூப்பைக் கேட்டால் முதல் எழுத்து மட்டும் பெரிய எழுத்து, இன்ஸ்டன்ஸ்களைக் கேட்டால் முழுக்கப் பெரிய எழுத்து, டார்கெட் குரூப்பில் முழுக்கச் சிறிய எழுத்து. லோயர் போட்டுவிட்டு ஒப்பிடுங்கள். குரூப் பட்டியலும் ஒரு பக்கத்துக்கு 50-தான் வரும். பக்கம் பக்கமாக எடுத்துத் தரும் பேஜினேட்டர் இல்லாமல் 51-ஆவது குரூப் கோடின் கண்ணுக்குத் தெரியாது.

எர்ரரை விழுங்குவது

மும்பை ரீஜனில் திறந்த கிளையன்ட் ஹைதராபாத்தில் உள்ளதைக் காட்டாது. ரீஜன் ரீஜனாகச் சுற்ற வேண்டும். அப்படிச் சுற்றும்போது ஓர் இடத்தில் எர்ரர் வந்தால், எக்ஸப்ட் போட்டு வெற்றுப் பட்டியலைத் திருப்பித் தருகிறார்கள். அனுமதி இல்லாத ரீஜனும், பிரச்சினையே இல்லாத ரீஜனும் அதற்குப் பிறகு ஒரே மாதிரி தெரியும். யாருக்கு எந்த அனுமதி என்று சொல்லும் ஐஏஎம் பாலிசியில் இந்த டிஸ்கிரைப் அழைப்புகளைக் குறிப்பிட்ட ரிசோர்ஸுக்கு மட்டும் சுருக்கினால் அனுமதி மறுக்கப்படும்; ரிசோர்ஸ் இடத்தில் நட்சத்திரக் குறிதான் வேண்டும். ஏ.டபிள்யூ.எஸ் பக்கத்துச் சம்பவங்களைச் சொல்லும் ஏ.டபிள்யூ.எஸ் ஹெல்த் ஏபிஐ இன்னும் மோசம்: பிசினஸ் அல்லது அதற்கு மேற்பட்ட சப்போர்ட் பிளான் இல்லாத கணக்கில் சப்ஸ்கிரிப்ஷன்ரிக்வயர்டு எக்ஸப்ஷன்தான் வரும். அதை விழுங்கினால் ‘இன்று எந்தச் சம்பவமும் இல்லை’ என்று வருடம் முழுக்கக் காட்டும். நலம், கோளாறு என்பவற்றோடு ‘தெரியவில்லை’ என்று மூன்றாவது நிலை ஒன்றைக் கோடில் வையுங்கள்; டாஷ்போர்டில் அதற்குச் சாம்பல் நிறம் போதும்.

எழுதி முடித்ததும் டெவ் சூழலில் ஓர் இன்ஸ்டன்ஸை நிறுத்துங்கள், இன்னொரு குரூப்பின் ஹெல்த் பாதையை வேண்டுமென்றே தப்பாக மாற்றுங்கள், ஸ்கிரிப்டின் ரோலில் இருந்து ஓர் அனுமதியைப் பிடுங்குங்கள். இரண்டு நிமிடம் கழித்து ஓட்டினால் மூன்றும் மூன்று விதமாகத் தெரிய வேண்டும்.